கலப்புக் குடும்பத்துப் பிள்ளையோடு யாழ்ப்பாணம் போகிறவர்களுக்கு

தாய் நோர்வேக்காரி, தகப்பன் தமிழர். அல்லது தாய் தமிழ், தகப்பன் பிரெஞ்சுக்காரர். இப்படிப்பட்ட பிள்ளையை ஊருக்குக் கூட்டிப் போனால், ஒழுங்கையில் எதிர்ப்படும் ஆச்சி முதலில் கேட்பது "ஆற்றை பிள்ளை?" என்றுதான். நிறமும் கடவுச்சீட்டும் பிறகு. அந்தக் கேள்விக்குப் பிள்ளையே பதில் சொல்லட்டும். அப்பப்பா, அப்பம்மாவின் பெயர், குறிச்சி, கோயில், பள்ளிக்கூடம் எல்லாவற்றையும் புறப்பட முன்னரே சொல்லிக் கொடுங்கள். பதிவுப் பெயர் பலருக்குத் தெரியாது. ஊரில் கூப்பிட்ட பெயரையும் பார்த்த தொழிலையும் சொன்னால், "வாத்தியாற்றை பேத்தியோ!" என்று உடனே படலையைத் திறப்பார்கள்.

பழைய வீடு எதுவென்று தெரியாவிட்டால் அந்தப் பகுதிக் கிராம சேவையாளரிடம் கேளுங்கள். பிறப்புப் பதிவின் பிரதியைப் பிரதேச செயலகத்தில் கேளுங்கள். திகதியும் இடமும் சரியாகத் தெரிந்தால் வேலை சுலபம். கிறிஸ்தவக் குடும்பமென்றால் தேவாலய ஞானஸ்நானப் பதிவேட்டையும் பாருங்கள். வலிகாமம் வடக்கில் இராணுவம் பிடித்த காணிகள் எல்லாம் இன்னும் விடுபடவில்லை. போகலாமா என்று உறவினரிடம் விசாரித்துவிட்டுப் போங்கள். இராணுவ முகாம்களைப் படமெடுக்க வேண்டாம்.

ஊரை விட்டு ஏன் வந்தோம் என்பதை யாழ் பொது நூலகத்தின் முன்னால் நின்று சொல்லுங்கள். 1981இல் அங்கே எரிந்தவை ஏறக்குறைய 97,000 புத்தகங்கள். 1983 யூலை இனக்கலவரம், 1995 ஒக்டோபர் இடப்பெயர்வு என்று கதை தானாக நீளும். பதின்ம வயதுப் பிள்ளைகள் நிறையக் கேட்பார்கள். தெரிந்ததை மறைக்காதீர்கள்.

நல்லூர்க் கந்தசுவாமி கோயிலில் ஆண்கள் மேற்சட்டையைக் கழற்றித்தான் உள்ளே போகலாம். மகனுக்கும் வெளிநாட்டுக் கணவருக்கும் முதல் நாளே சொல்லிவிடுங்கள், வாசலில் வைத்துச் சொல்ல வேண்டாம். கூச்சமென்றால் சரி, வெளிவீதியில் நிற்கட்டும்.

இனி எனக்கு முக்கியமாகப் படுவது. "தமிழ் தெரியாதோ? வெள்ளைக்காரப் பிள்ளை!" என்று சொந்தக்காரர் அன்பாகத்தான் சொல்வார்கள். பிள்ளைக்கு அது குத்தும். சிரித்து மழுப்பாதீர்கள். "எங்கடை பிள்ளைதான், மெல்ல மெல்லக் கதைப்பாள்" என்று அவள் காதுபடச் சொல்லுங்கள். வீட்டிலேயே அந்த வசனத்தின் பொருளை அவளுக்குச் சொல்லி வையுங்கள். பிறகு மச்சாள்மாரோடு சைக்கிளில் கடைக்கு அனுப்புங்கள், பின்னால் நீங்கள் போகாதீர்கள்.

மற்றப் பக்கத்துத் தாத்தா பாட்டியின் படங்களையும் அச்செடுத்துக் கொண்டுபோங்கள். அவர்களுடைய வீடு, பனி, மீன்பிடிப் படகு பற்றியெல்லாம் ஊரில் ஆவலாகக் கேட்பார்கள். அதைச் சொல்லும் வேலையைப் பிள்ளையிடமே விடுங்கள். மொழிபெயர்க்க மட்டும் பக்கத்தில் இருங்கள்.