சதவீதத்திலிருந்து நிகழ்தகவு: புதியவர்கள் சறுக்கும் இடங்கள்

புள்ளிவிவரப் பயிற்சிக்கு வரும் ஒவ்வொரு குழுவிலும் இதே தவறுகளைப் பார்த்துக்கொண்டிருக்கிறேன். பெருக்கலில் பிழை, தசமப் புள்ளி இடம் மாறுவது போன்றவற்றை விட்டுவிடலாம், மறுபடி போட்டுப் பார்த்தால் அவை தானாகவே மாட்டிக்கொள்ளும். யார் கண்ணிலும் படாமல் அறிக்கை வரைக்கும் போய்ச் சேருகிற தவறுகள்தான் ஆபத்து. எல்லாவற்றுக்கும் ஒரே தரவை எடுத்துக்கொள்வோம்: 2011 மக்கள்தொகைக் கணக்கெடுப்பின்படி எழுத்தறிவு இந்தியக் கிராமப்புறத்தில் 67.77%, நகர்ப்புறத்தில் 84.11%.

கூட்டி இரண்டால் வகுப்பது

இதைப் பார்த்தால் இன்னமும் எனக்குக் கோபம் வருகிறது. மேலே உள்ள இரண்டு எண்களைக் கொடுத்து, நாடு முழுவதற்கும் எழுத்தறிவு எவ்வளவு என்று கேட்டேன். ஒரு தம்பி எக்செல்லில் சராசரி போட்டு 75.94% என்றார். கணக்கெடுப்பு சொல்வது 72.98% என்று காட்டியதும், "அவங்க பழைய எண்ணைப் போட்டிருப்பாங்க சார்" என்று கணக்கெடுப்பையே சந்தேகப்பட்டார். வித்தியாசம் வெறும் மூன்று சதவீதம்தானே என்று தோன்றலாம். எழுத்தறிவைக் கணக்கிடுவது ஏழு வயதும் அதற்கு மேலும் ஆனவர்களுக்கு, அவர்கள் மட்டுமே சுமார் 104 கோடிப் பேர். அப்படியானால் எழுதப் படிக்கத் தெரியாத மூன்று கோடிப் பேரை ஒரே சூத்திரத்தில் காணாமல் ஆக்கியாயிற்று, முதியோர் கல்விக்கு இந்த எண்ணை நம்பி யாராவது நிதி ஒதுக்கினால் விடுபட்டுப் போவது அவர்கள்தான்.

சராசரி போடும்போது, கிராமமும் நகரமும் பாதிப் பாதி என்று சொல்லாமலே முடிவுகட்டி விடுகிறோம். உண்மையில் அந்த 104 கோடியில் 68.1% பேர் கிராமத்தில் இருப்பவர்கள், 31.9% பேர் நகரத்தில். ஒவ்வொரு பிரிவின் பங்கையும் அந்தப் பிரிவின் எழுத்தறிவால் பெருக்க வேண்டும். 0.681 × 0.6777 = 0.4615. 0.319 × 0.8411 = 0.2683. இவை ஒவ்வொன்றும் இணை நிகழ்தகவு, அதாவது இரண்டு தன்மைகளும் ஒருவரிடமே சேர்ந்திருக்கும் வாய்ப்பு: "கிராமத்தவர், எழுத்தறிவும் பெற்றவர்" என்பது முதலாவது, நகரத்தவருக்கு இரண்டாவது. கூட்டினால் 0.7298, அதாவது கணக்கெடுப்பின் அதே 72.98%. மொத்த நிகழ்தகவு என்பது இந்தக் கூட்டல்தான், அதற்கு மேல் அதில் எதுவும் இல்லை.

இந்தத் தவறு இவ்வளவு காலம் பிழைத்திருப்பதற்கு ஒரு காரணம், அது பல இடங்களில் சரியான விடையைப் போலவே ஒன்றைக் கொடுத்துவிடுவது. ஆண்கள் 80.89%, பெண்கள் 64.64% என்பதைச் சராசரி போட்டால் 72.77 வரும், ஏனென்றால் ஆணும் பெண்ணும் ஏறக்குறைய சமம். தமிழ்நாட்டில் இன்னும் மோசம், இங்கே நகரவாசிகள் 48.4% என்பதால் கிராமத்தின் 73.54, நகரத்தின் 87.04 இரண்டின் சராசரி 80.29, உண்மையான எண் 80.09. நம் மாநிலத் தரவை மட்டும் வைத்துப் பழகியவர்களுக்கு வழி தப்பு என்பதே தெரியாது. அதனால்தான் பயிற்சிக் கணக்கில் வேண்டுமென்றே ஒரு பிரிவைப் பெரிதாக வைத்துப் பார்க்கச் சொல்கிறேன்.

பங்கை வேறு கூட்டத்திலிருந்து எடுப்பது

சரி, பங்கால் பெருக்க வேண்டும் என்று புரிந்துகொண்டவர்கள் அடுத்து மாட்டுவது இங்கே. மொத்த மக்கள்தொகையில் கிராமத்தின் பங்கு 68.84%. அதைப் போட்டால் 72.86 வரும், 72.98 வராது. கிராமங்களில் ஆறு வயது வரையுள்ள குழந்தைகளின் விகிதம் அதிகம், அவர்களைக் கழித்த பிறகு கிராமத்தின் பங்கு கொஞ்சம் குறைகிறது. சதவீதம் எந்தக் கூட்டத்துக்குச் சொல்லப்பட்டதோ, பங்கும் அதே கூட்டத்திலிருந்து வர வேண்டும்.

திருப்பிப் படிப்பது

கிராமத்தவரில் எழுத்தறிவு பெற்றவர்கள் 67.77%. எழுத்தறிவு பெற்றவர்களில் கிராமத்தவர்கள் 0.4615 ÷ 0.7298, அதாவது சுமார் 63.2%. எல்லோரிலும் கிராமத்தவராகவும் எழுத்தறிவு பெற்றவராகவும் இருப்பவர்கள் 46.15%. ஒரே தரவு, மூன்று கேள்விகள், மூன்று விடைகள். கேள்வியில் யாரை 100 ஆக வைத்திருக்கிறார்கள் என்று முதலில் எழுதிவிட்டு அப்புறம் பேனாவை நகர்த்துங்கள்.

மொத்தத்தோடு பெருக்குவது

கிராமத்தவராகவும் எழுத்தறிவு பெற்றவராகவும் இருப்பவர்கள் எவ்வளவு என்று கேட்டால், 0.681 × 0.7298 போட்டு 49.7% என்பார்கள். இடமும் எழுத்தறிவும் ஒன்றையொன்று சாராதவையாக இருந்தால்தான் அது சரி. இங்கே சார்ந்திருக்கின்றன.

நடுவிலேயே முழுமையாக்குவது

வேண்டாம். தசம இலக்கங்களைக் குறைத்து எண்ணைச் சுருக்குவது கடைசி விடையில் மட்டும்.

ஒன்றோடொன்று கலக்கும் பிரிவுகள்

கிராமத்தவர், பெண்கள் என்று இரண்டு பிரிவு வைத்துக் கூட்டினால் கிராமத்துப் பெண்கள் இரண்டு முறை வருவார்கள், நகரத்து ஆண்கள் வரவே மாட்டார்கள். பங்குகளின் கூட்டுத்தொகை 100 வந்தாலும்கூட நம்பாதீர்கள், யாரோ ஒருவரை மனதில் நினைத்து அவர் எந்தப் பிரிவில் விழுகிறார் என்று பாருங்கள். ஒன்றுக்கு மேற்பட்ட பிரிவில் விழுந்தாலோ எதிலும் விழாவிட்டாலோ, கணக்கை அங்கேயே நிறுத்திவிட்டுப் பிரிவுகளைத் திருத்துங்கள்.