கூட்டத்துல ஒருத்தன்னு ஆயுள் தண்டனை குடுத்துட்டாங்களா, அப்பீல் போறது இப்படித்தான்

தீர்ப்பு சொன்ன அன்னிக்கு வேலூர் சத்துவாச்சாரி கோர்ட்டு வாசல்ல எங்கம்மா அப்படியே தரையில உக்காந்துட்டாங்க. எங்க ஊரு கே.வி.குப்பம் பக்கம். கூழ் ஊத்துற அன்னிக்கு மைக் செட்டு விஷயமா ஆரம்பிச்ச தகராறு, ஒருத்தர் உயிர் போயிடுச்சு, ஏழு பேருக்கும் ஆயுள், என் தம்பி ஏ5, அதாவது அஞ்சாவது குற்றவாளின்னு கேஸ்ல போட்ட நம்பர். செத்துப்போனவரும் எங்க ஊருதான், அந்த வீட்டு துக்கம் பெரிய துக்கம், அத மறந்துட்டு நான் எதுவும் எழுதல. ஆனா யார் இன்னா செஞ்சாங்களோ அதுக்குத்தான் அவங்கவங்களுக்கு தண்டனைன்னு நான் நம்புறேன், அதுக்குத்தான் அப்பீல். அன்னிக்கு எங்களுக்கு வழி சொல்ல ஆளே இல்ல, அதனால தெரிஞ்சத எழுதுறேன்.

முதல்ல நாள் கணக்கு. செஷன்ஸ் கோர்ட்டு ஆயுள் குடுத்தா ஐகோர்ட்டுக்கு அப்பீல் போட 60 நாள், தூக்குன்னா 30 நாள்தான். வேலூர் கேஸ் சென்னை ஐகோர்ட்டுக்குத்தான் போகும், மதுரைக்கு இல்ல. தண்டனை ஆனவருக்கு தீர்ப்பு காப்பி ஒன்ன உடனே இலவசமா குடுக்கணும்னு சட்டமே இருக்கு, அத கேட்டு வாங்குங்க. தனியா காப்பிக்கு மனு போட்டா, போட்ட நாள்ல இருந்து காப்பி ரெடியான வரைக்கும் ஆன நாளெல்லாம் 60ல கழிஞ்சிடும். நாள் தாண்டிடுச்சுன்னு கைய விட்டுடாதீங்க, ஏன் லேட்டுன்னு காரணம் சொல்லி தாமதத்த மன்னிக்க மனு போடலாம், ஆனா காரணம் உண்மையா இருக்கணும்.

துட்டு இல்லன்னா அதுக்கும் வழி இருக்கு. காவல்ல இருக்கற யாருக்கும், வருமானம் எவ்வளவுன்னு பாக்காம, இலவச வக்கீல் உரிமை இருக்கு, 1987 வருஷத்து சட்ட உதவி சட்டம். கோர்ட்டுலயே இருக்கற மாவட்ட சட்டப்பணிகள் ஆணைக்குழுவுல போய் சொல்லுங்க, இல்ல 15100க்கு போன் பண்ணுங்க. தொரப்பாடி ஜெயில்ல இருந்தே சூப்பிரண்டு மூலமா அப்பீல் அனுப்பவும் முடியும். எங்ககிட்ட ஒருத்தர் வந்து "ஐகோர்ட்டுல ஆள் தெரியும், முடிச்சுடலாம்"னு பெரிய தொகை கேட்டாரு, நல்லவேள குடுக்கல, நீங்களும் குடுக்காதீங்க.

இப்ப முக்கியமான விஷயம். அஞ்சு பேரோ அதுக்கு மேலயோ சேந்து ஒரே நோக்கத்தோட இருந்தாங்கன்னா, யார் அடிச்சாங்கன்னு பாக்காம எல்லாருக்கும் ஒரே குற்றம்னு சொல்றதுதான் பழைய தண்டனை சட்டம் ஐ.பி.சியோட செக்ஷன் 149, இப்ப புது சட்டம் பி.என்.எஸ்ல 190. அஞ்சு பேருக்கு கம்மின்னா 34, இப்ப 3(5). 2024 ஜூலை 1க்கு முன்னாடி நடந்த சம்பவம்னா பழைய ஐ.பி.சி செக்ஷன்தான். "அவன் அடிக்கவே இல்ல, விட்டுடுங்க"ன்னு மட்டும் சொன்னா 149ல போதாது, இத நாங்க ரொம்ப லேட்டாத்தான் புரிஞ்சிக்கினோம். வேற மூணு கேள்வி இருக்கு. அவன் நெஜமாவே அந்த கூட்டத்துல சேந்தவனா, இல்ல சத்தம் கேட்டு வந்து நின்னவனா? எல்லாரோட நோக்கமும் அடிக்கறது மட்டுமா இருந்து, ஒருத்தன் மட்டும் திடீர்னு கத்திய எடுத்தானா, கத்தி இருக்குன்னு மத்தவங்களுக்கு தெரியுமா? உயிர் போனது எந்த காயத்தால, அது யார் போட்டது? பெரிய கூட்டம்னா ரெண்டு மூணு சாட்சியாவது ஒருத்தர ஒரே மாதிரி அடையாளம் சொல்றாங்களான்னு பாக்கறது நல்லதுன்னு 1964ல மசால்டி கேஸ்ல சுப்ரீம் கோர்ட்டு சொல்லியிருக்கு.

இதுக்கெல்லாம் பதில் பேப்பர்லதான் இருக்கு. எஃப்.ஐ.ஆர்ல அவன் பேரு இருக்கா, அது மாஜிஸ்திரேட்டுக்கு எத்தன மணிக்கு போய் சேந்துது, ஆஸ்பத்திரில மொதல்ல எழுதுன ஆக்சிடென்ட் ரிஜிஸ்டர் காப்பில "எத்தன பேர், எதால அடிச்சாங்க"ன்னு இன்னா எழுதியிருக்கு, போஸ்ட்மார்ட்டத்துல எத்தன காயம், சாட்சி போலீஸ்ல சொல்லாத விஷயத்த கோர்ட்டுல புதுசா சொன்னாரா, குறுக்கு விசாரணைல அது வந்துதா. நான் ஒரு நோட்டுல ஏ1ல இருந்து ஏ7 வரைக்கும் கோடு போட்டு, ஒவ்வொரு சாட்சியும் ஒவ்வொருத்தர பத்தி இன்னா சொன்னாருன்னு எழுதினேன், ஒரு வாரம் ஆச்சு, வக்கீலுக்கு அதுதான் ரொம்ப உதவுச்சு. அப்புறம் ஒன்னு, இங்க சாட்சி தமிழ்ல, ஐகோர்ட்டுல வாதம் இங்கிலீஷ்ல, மொழிபெயர்ப்ப கூட உக்காந்து பாருங்க. "புடிச்சான்"னா குத்தறதுக்கு வசதியா புடிச்சானா, சண்டைய விலக்க புடிச்சானா, அந்த ஒரு வார்த்தையில இருபது வருஷம் போயிடும்.

ஏழு பேருக்கும் ஒரே வக்கீல்னு ஊர்ல சொல்வாங்க, நான் வேணாம்னுதான் சொல்வேன். ஏ1ஐ காப்பாத்தற வாதம் ஏ5ஐ மாட்டிவிடும்.

அப்பீல் கூடவே தண்டனைய நிறுத்தி வைக்க, அதாவது அப்பீல் முடியற வரைக்கும் ஜாமீன்ல வெளில வர, மனு போடணும், புது நடைமுறை சட்டம் பி.என்.எஸ்.எஸ்ல செக்ஷன் 430, பழசுல 389. ஆயுள் கேஸ்ல அரசு வக்கீலுக்கு எழுத்துல பதில் சொல்ல வாய்ப்பு குடுத்துட்டுத்தான் முடிவு பண்ணுவாங்க, உடனே கிடைக்காது, எங்களுக்கு மொத தடவ தள்ளுபடிதான். அப்பீல் வருஷக்கணக்கா எடுக்காம கிடந்தா அதயே காரணமா சொல்லி மறுபடி கேக்கலாம், 1977 காஷ்மிரா சிங் கேஸ் அதுக்கு உதவும். எங்களுக்கு ரெண்டாவது தடவதான் கிடைச்சுது, அப்பீல் இன்னும் நடக்குது.

ஐகோர்ட்டுல ரெண்டு ஜட்ஜ் உக்காந்து சாட்சியம் முழுசையும் திரும்ப பாப்பாங்க, விடுதலை ஆகலாம், இல்ல 302ஐ (கொலை) 304 ஆக்கி (கொலை ஆகாத மரணம்) கொறைக்கலாம், அப்படியே உறுதியும் பண்ணலாம். புது சாட்சிய கூட்டிக்கினு போனா கேக்கமாட்டாங்க, ரொம்ப அபூர்வமாத்தான் அனுமதி. செத்தவங்க வீட்டுல ராஜி பேசி கேஸ முடிக்கவும் முடியாது, கொலை ராஜி ஆகற குற்றம் இல்ல, அந்த வீட்டு வாசலுக்கு தயவு செஞ்சு போகாதீங்க, சாட்சி பக்கமும் போகாதீங்க. தள்ளுபடி ஆனா சுப்ரீம் கோர்ட்டுக்கு 90 நாள்.

அடுத்த தடவ தொரப்பாடிக்கு மனு போட்டு உள்ள இருக்கறவர பாக்க போறப்ப அழுதுட்டு மட்டும் வராதீங்க, அன்னிக்கு எங்க நின்ன, யார் பக்கத்துல இருந்தாங்க, லைட்டு எரிஞ்சுதான்னு கேட்டு, வெளில வந்ததும் பஸ் ஏறறதுக்கு முன்னாடி எழுதி வெச்சிக்கோங்க.