பேடரஸ் வண்டு மேலே ஊர்ந்தால் என்ன செய்வது?

மழை விட்ட ராத்திரியில் லயத்து டியூப் லைட்டைச் சுற்றுகிற பூச்சிகளில் ஒன்று கழுத்தில் ஊர்ந்தால் கை தானாகப் போய் அடித்துவிடும். அது பேடரஸாக இருந்தால் அந்த அடிதான் உங்களுக்கு வினை.

ஆளை அடையாளம் பிடிப்பது சுலபம். நீளம் 7 முதல் 10 மில்லிமீற்றர், முதல் பார்வைக்கு எறும்பு என்றே தோன்றும். தலை கறுப்பு, நெஞ்சு செம்மஞ்சள், அப்புறம் நீலமாகவோ பச்சையாகவோ மினுங்கும் கட்டைச் சிறகு, அதற்குப் பின்னால் மூடாமல் கிடக்கிற செம்மஞ்சள் வயிறு, அதன் நுனி கறுப்பு. சீண்டினால் வயிற்றைத் தூக்கிக் காட்டும், ஆனால் கொட்டாது. உலகில் இந்தப் பேரினத்தில் 600க்கு மேற்பட்ட வகைகள் உண்டு.

விஷம் அதன் உடல் திரவத்தில் இருக்கிறது, பெயர் பெடரின். அதைச் செய்வது வண்டு அல்ல, அதற்குள் குடியிருக்கும் சூடோமோனாஸ் வகைப் பாக்டீரியா. நசுக்கினால்தான் தோலில் படும். உடனே ஒன்றும் தெரியாது, ஒன்றிரண்டு நாளில் கோடு இழுத்த மாதிரி சிவந்து எரிந்து கொப்புளம் போடும்.

அதனால் ஊதிவிடுங்கள், இல்லையென்றால் ஒரு கடதாசியை நீட்டி அதில் ஏறவிட்டு வெளியே உதறுங்கள். தெரியாமல் நசுக்கிவிட்டீர்களா, சரி, உடனே சவர்க்காரம் போட்டுக் கழுவுங்கள், அந்தக் கையால் கண்ணைத் தொடாதீர்கள், உடுப்பையும் துவாயையும் தலையணை உறையையும் துவைத்துவிடுங்கள். எரிந்தால் குளிர்ந்த ஈரத்துணி வைக்கலாம். கொப்புளம் போட்டாலோ கண் வீங்கினாலோ ஆஸ்பத்திரிக்குப் போங்கள், பலர் இதை அக்கி என்று நினைத்துவிடுகிறார்கள், ஆகவே பூச்சி பட்டதை டொக்டரிடம் சொல்லுங்கள். ஆளுக்கு ஆள் தொற்றாது, பிள்ளையைத் தனியே ஒதுக்கிப் படுக்க வைக்க வேண்டியதில்லை.

வெளிச்சம்தான் அதை வீட்டுக்குள் இழுக்கிறது. தேவையில்லாத வெளி லைட்டை அணையுங்கள், படுக்கைக்கு நேர் மேலே லைட் எரியவிடாதீர்கள், படுக்குமுன் விரிப்பை உதறுங்கள்.

வயலிலும் மரக்கறித் தோட்டத்திலும் கண்டால் தயவுசெய்து விட்டுவிடுங்கள். ஈர மண்ணிலும் மட்கும் சருகிலும் வாழ்கிற இந்த வண்டும் அதன் புழுவும் வேட்டைக்காரர்கள். அசுவினி, நெல்லில் வரும் கபிலத்தத்தி, மற்றப் பூச்சிகளின் முட்டை, சின்னப் புழு எல்லாம் அவற்றுக்குச் சாப்பாடு. வெலிமடைப் பக்கம் போல நெல்லும் உருளைக்கிழங்கும் மாறிமாறிப் போடுகிற இடங்களில், தத்தியைக் கண்டதும் கண்ணை மூடிக்கொண்டு மருந்து அடித்தால் முதலில் சாவது இப்படிப்பட்ட வேட்டைக்காரர்களாக இருக்கலாம், பிறகு தத்தியைத் தடுக்க ஆளே இருக்காது. வரம்புப் புல்லை ஒட்டச் செதுக்காமல் கொஞ்சம் விடுங்கள், அது ஒளிவதற்கு இடம் வேண்டும். மருந்து அடித்தே ஆக வேண்டும் என்ற நிலை வந்தால், எந்த மருந்து இவற்றைக் குறைவாகப் பாதிக்கும் என்று விவசாயப் போதனாசிரியரிடம் கேட்டுவிட்டு வாங்குங்கள்.