ழான் தால்சியைப் பற்றி எழுதும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

பிரெஞ்சு சினிமா முன்னோடி ஜார்ஜ் மெலியஸ் என்றதும் நிலாவின் கண்ணில் குத்திய ராக்கெட் ஞாபகம் வரும். அவருடைய படங்களில் 1896 முதலே நடித்த நடிகை ழான் தால்சியை அநேகம் பேருக்குத் தெரியாது. தெரிந்து எழுதுபவர்களும் சில இடங்களில் சறுக்குகிறார்கள்.

முதலில், 'மெலியஸின் மனைவி' என்று அறிமுகப்படுத்துவது. அவர்கள் திருமணம் 1925-இல்தான் நடந்தது. மெலியஸ் படம் எடுப்பதை விட்டே பத்து வருடத்துக்கு மேல் ஆகியிருந்தது. நடித்த காலத்தில் தால்சி, மெலியஸ் நடத்திய மாயவித்தை அரங்கின் மேடை நடிகை. மெலியஸ் ஒரு பாத்திரமாக வரும் 'ஹூகோ' (2011) படத்தில் ஸ்டுடியோ காலத்திலேயே இருவரும் தம்பதி. அது கதைக்காகச் செய்த மாற்றம், அதை வரலாறாக எடுத்துக்கொள்ளக் கூடாது.

'எல்லாம் கேமரா தந்திரம், அவர் சும்மா உட்கார்ந்திருந்தார்' என்பது என்னை அதிகம் வருத்தும் தவறு. 1896-இல் வந்த, பெண் மறையும் குறும்படத்தைப் பொறுமையாகப் பாருங்கள். தரையில் செய்தித்தாள் விரிக்கிறார்கள், கீழே கதவு எதுவும் இல்லை என்று காட்டத்தான். அதன்மேல் நாற்காலி, தால்சி உட்காருகிறார், துணி போர்த்துகிறார்கள். துணியை எடுத்தால் ஆள் இல்லை. அப்புறம் ஓர் எலும்புக்கூடு, கடைசியில் மறுபடி தால்சி. கேமராவை நிறுத்தி, அவரை எழுப்பி அனுப்பி, பிறகு அதே இடத்தில் உட்கார வைத்து எடுத்தது இது. நிறுத்தி எடுத்த இடங்களின் ஒட்டு தெரியாமல் இருப்பதில் நடிப்பவர்களின் பங்கு பெரியது. மேடைப் பழக்கம் இல்லாதவருக்கு இது கைவராது.

அதற்காக 'உலகின் முதல் திரை நடிகை' என்றும் எழுத வேண்டாம். எடிசன் நிறுவனத்தின் முத்தக் காட்சியில் மேடை நடிகை மே இர்வின் அதே வருடம், சில மாதம் முன்பே நடித்துவிட்டார்.

1897-இல் வந்த குளியல் படத்தில் அவர் நிர்வாணமாக நடித்ததாகச் சொல்வதும் சரியில்லை. உடம்போடு ஒட்டிய உடை அணிந்திருந்தார்.

இன்னொன்று, மெலியஸ் படத்தில் எந்தப் பெண் வந்தாலும் தால்சி என்று பெயர் போடுவது. அக்காலத்தில் படத்தில் நடிகர் பெயர் காட்டும் வழக்கமே இல்லை. 1900-இல் வந்த ஜோன் ஆஃப் ஆர்க் படத்தில் நாயகி தால்சி அல்ல. தால்சி நடித்தது ஜோனின் அம்மாவாக. நிலாப் பயணப் படத்தில் பிறைமேல் அமர்ந்திருப்பவர் ப்ளூயெட் பெர்னோன் என்ற வேறொரு நடிகை. முகம் உறுதியாகத் தெரியாத காட்சிக்குப் பெயர் போடாமல் விட்டுவிடுங்கள்.