சர்க்கரைவள்ளிக் கேசரோல்: கிழங்கை அவிக்காதீர்கள், சுடுங்கள்

நவம்பர் வந்தால் அலுவலகத்தில் ஒரு தாள் சுற்றி வரும், தேங்க்ஸ்கிவிங் (நவம்பர் நான்காம் வியாழனில் வரும் அமெரிக்க நன்றித் திருநாள்) விருந்துக்கு யார் என்ன கொண்டுவருகிறீர்கள் என்று. அமெரிக்கா வந்த முதல் வருடம் "சர்க்கரைவள்ளிக் கேசரோல்" (மசித்த கிழங்கைத் தட்டில் பரப்பி ஓவனில் சுடும் பதார்த்தம்) என்று தைரியமாக எழுதிவிட்டேன். பொங்கலுக்குக் கிழங்கு அவித்த கைதானே! தோல் சீவி, துண்டு போட்டு, தண்ணீரில் வேகவைத்து மசித்தேன். ஓவனிலிருந்து வெளியே வந்தது ஆரஞ்சு நிறக் கஞ்சி. ஓரத்தில் தண்ணீர் வேறு பிரிந்து நின்றது.

தப்பு அவித்ததில்தான். அதனால் அதை மட்டும் விரிவாகச் சொல்கிறேன்.

ஆரஞ்சு சதையுள்ள கிழங்கு 3 பவுண்டு (சுமார் 1.4 கிலோ) வாங்குங்கள். கடையில் "யாம்" (உண்மையில் வேறொரு கிழங்கின் பெயர்) என்று எழுதியிருந்தாலும் பெரும்பாலும் அது சர்க்கரைவள்ளிதான். லூசியானா விவசாயிகள் 1930களில் தங்கள் கிழங்கைத் தனித்துக் காட்ட வைத்த பெயர் அப்படியே ஒட்டிக்கொண்டது. நம்மூர் வெள்ளைச் சதைக் கிழங்கு இதற்குச் சரிப்படாது, மாவாக இருக்கும். எல்லாம் ஒரே பருமனாக இருக்கட்டும்.

கழுவித் துடைத்து, முள்கரண்டியால் நாலைந்து இடத்தில் குத்துங்கள். தோலோடு, முழுசாக, ஃபாயில் விரித்த தட்டில் அடுக்கி, சூடாகாத ஓவனில் வைத்து 400 டிகிரி ஃபாரன்ஹீட்டுக்கு (200 செல்சியஸ்) திருப்புங்கள். கிழங்கு மெல்லச் சூடேறும்போது அதிலுள்ள நொதி மாவுச்சத்தைச் சர்க்கரையாக்குகிறது. அவசரப்படுத்தினால் அந்த இனிப்பு குறையும். ஒரு மணி நேரம், பெரிய கிழங்கென்றால் இன்னும் கொஞ்சம். குத்திய இடத்தில் பாகு கசிந்து ஃபாயிலில் கருப்பாக ஒட்டும், அழுத்தினால் விரல் உள்ளே போகும். அதுதான் பதம். ஆறவிட்டால் தோல் சட்டை மாதிரி கழன்று வரும்.

மசிக்க ஹேண்ட் மிக்ஸர்தான் என் கட்சி. நாரெல்லாம் அதன் கம்பிகளில் சுற்றிக்கொள்ளும், வழித்து எறிந்துவிடலாம். மிக்ஸி ஜாரில் போடவே போடாதீர்கள், பசையாகிவிடும்.

சூடு தணிந்தபின் உருக்கிய வெண்ணெய் 4 மேசைக்கரண்டி, பால் அரை கப், பழுப்புச் சர்க்கரை கால் கப், முட்டை 2, உப்பும் பட்டைத்தூளும் அரை அரை தேக்கரண்டி, வனிலா கொஞ்சம் சேர்த்துக் கலந்து, 8 அங்குலச் சதுரத் தட்டில் பரப்புங்கள். சூட்டோடு முட்டையை ஊற்றினால் ஆம்லெட்.

மேலே போட பீக்கன் (வால்நட் மாதிரியான அமெரிக்கப் பருப்பு) 1 கப், பழுப்புச் சர்க்கரை அரை கப், மைதா கால் கப், குளிர்ந்த வெண்ணெய் 4 மேசைக்கரண்டி. விரல்நுனியால் பிசிறித் தூவி, 350 டிகிரியில் (175 செல்சியஸ்) அரை மணி நேரம். அமெரிக்கர்கள் பலர் மார்ஷ்மெல்லோ (பஞ்சு மாதிரியான சர்க்கரை மிட்டாய்) போடுவார்கள். 1917இல் ஒரு மார்ஷ்மெல்லோ நிறுவனம் சரக்கை விற்க எழுதவைத்த சமையல் கையேட்டில் வந்த யோசனை அது. எனக்குப் பல் கூசும். போடுவதானால் கடைசி 5 நிமிடம் மட்டும், பக்கத்திலேயே நின்று பாருங்கள். வழக்கமான மார்ஷ்மெல்லோவில் விலங்குகளிலிருந்து எடுக்கும் ஜெலட்டின் இருக்கிறது, சைவக்காரர்கள் பொட்டலத்தைப் படித்துவிட்டு வாங்குங்கள்.

பிற்சேர்க்கை: முட்டை வேண்டாமா என்று மூன்று பேர் கேட்டுவிட்டீர்கள். விட்டுவிடலாம், பாலைப் பாதியாகக் குறையுங்கள். உப்பாது, ருசியில் குறையில்லை.

இன்னொன்று. தேங்க்ஸ்கிவிங் வியாழன் அன்று ஓவன் முழுக்க வான்கோழிக்குத்தான். அதனால் புதன் இரவே கிழங்கைக் கலந்து ஃபிரிட்ஜில் வையுங்கள், பீக்கன் கலவை தனி டப்பாவில். என் தோழி கண்ணாடித் தட்டை ஃபிரிட்ஜிலிருந்து நேரே சூடான ஓவனுக்குள் தள்ளிவிட்டாள். தட்டு வெடித்து, கிழங்கெல்லாம் ஓவன் தரையில். ஒரு மணி நேரம் முன்னாலேயே எடுத்து வெளியில் வைத்துவிடுங்கள்.