வேலியும் விமானச் சீட்டும்: பாலக்காட்டு எல்லையோரம் நிலம் வைத்திருப்போருக்கு

கேரளத்தின் பாலக்காடு மாவட்டம் சித்தூர் வட்டத்தில் பூர்விக நிலம் வைத்துக்கொண்டு வெளிநாட்டில் வாழ்வோர், ஏப்ரல், மே மாதங்களிலோ ஓணம், கிறிஸ்துமஸ் ஒட்டியோ ஊருக்கு வருவதாக இருந்தால், அங்குள்ள சிவில் நீதிமன்றங்கள் அப்போது விடுமுறையில் இருக்கும் என்பதைத் தெரிந்துகொள்ள வேண்டும். பங்காளிகள் அதைத் தெரிந்துதான் வைத்திருக்கிறார்கள்.

காவல் நிலையத்துக்கு விடுமுறை இல்லையாதலால் தகராறு அங்கே போய்ச் சேர்கிறது. சென்ற கோடையில், தென்னந்தோப்பின் வேலியை என் பக்கம் தள்ளி நட்டிருந்த சித்தப்பா மகனிடம் காரணம் கேட்கப் போக, அவன் என்மீதே மனுக் கொடுத்தான். காலையிலிருந்து வெளியே பனைமரங்களைப் பார்த்தபடி உட்கார்ந்திருந்த எங்களை விளக்கு வைக்கும் நேரத்தில்தான் உள்ளே அழைத்தார்கள். அதிகாரி ஆதாரத்தையும் (அங்கே நிலப் பத்திரத்துக்கு அதுதான் பெயர்) பார்க்கவில்லை, கரம், அதாவது நிலவரி, அடைத்த ரசீதையும் பார்க்கவில்லை. எனக்கு விமானம் என்றைக்கு என்று கேட்டார். பிறகு மலையாளத்தில் எழுதிய தாள் ஒன்றை நீட்டி, வேலி இப்போதுள்ள இடத்திலேயே இருக்க இருவரும் சம்மதித்ததாகக் கையெழுத்திடச் சொன்னார். “போட்டுட்டு நிம்மதியாக் கெளம்புங்கண்ணா, நாங்க இங்கயேதான இருக்கறோம்” என்றான் தம்பி. அதற்கு என்னிடம் பதில் இல்லை. அப்பாவின் கடைசிக் காலத்தில் அந்தத் தோப்புக்குத் தண்ணீர் பாய்ச்சியவன் அவன்தான். ஆயினும் நான் கையெழுத்திடவில்லை, நீங்களும் இடாதீர்கள்.

நிலம் யாருடையது, எல்லை எது என்று தீர்மானிக்கும் அதிகாரம் காவல்துறைக்குக் கிடையாது. அத்துமீறல், மிரட்டல், போலி ஆவணம் போன்ற குற்றங்களில் அவர்கள் வழக்குப் பதியலாம். அமைதி கெடும் என்று அறிக்கை போனால், 2024 ஜூலை 1 முதல் நடப்பிலுள்ள குற்றவியல் நடைமுறைச் சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 164ஆம் பிரிவின்படி, நிர்வாக நடுவர் நிலம் யாருடைய அனுபோகத்தில் (கைவசத்தில்) இருக்கிறது என்பதை மட்டும் விசாரிப்பார். நிலையத்தில் எழுதும் உடன்பாட்டால் நிலம் கைமாறாது என்றாலும், அதே தாளை உங்கள் ஒப்புதல் என்று எதிர்த்தரப்பு பின்னாளில் முன்சீப் கோர்ட்டில் தாக்கல் செய்யும்.

உரிமையிலேயே தகராறு இருக்கும்போது தடை உத்தரவு மட்டும் கேட்டு வழக்குப் போடுவது போதாது, நிலம் தன்னுடையதே என்று நீதிமன்றம் அறிவிக்கும் உரிமை விளம்புகையும் கேட்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2008இல் அனதுல சுதாகர் வழக்கில் விளக்கியிருக்கிறது. எல்லையை அளக்க, சர்வேயர் துணையுடன் வக்கீல் கமிஷனரை, அதாவது நேரில் பார்த்து அறிக்கை தரும் வக்கீலை, நியமிக்குமாறு நீதிமன்றத்தைக் கோரலாம். எதிர்த்தரப்பு முந்திக்கொள்ளும் என்று தோன்றினால், உங்களைக் கேட்காமல் உத்தரவு போடக் கூடாது என்று கோரும் கேவியட் மனுவைப் போடுங்கள். அது 90 நாள் செல்லும்.

நிலத்திலிருந்து முறைகேடாக வெளியேற்றப்பட்டவர், உரிமையை நிரூபிக்காமலேயே அனுபோகத்தை மீட்க 1963ஆம் ஆண்டின் குறிப்பிட்ட நிவாரணச் சட்டம் 6ஆம் பிரிவில் வழி தருகிறது. ஆனால் ஆறு மாதத்துக்குள் வழக்குப் போட வேண்டும்; அந்தக் கணக்கு, நீங்கள் கடல் கடந்து எங்கே இருந்தாலும், வெளியேற்றப்பட்ட நாளிலிருந்தே ஓடும்.

ஆகவே வழக்கு நடத்த மட்டும் அதிகாரம் தரும் பவர் ஒன்றை, விற்கும் அதிகாரம் சேர்க்காமல், இந்தியத் தூதரகத்தில் சான்றொப்பம் பெற்று எழுதி வையுங்கள். அது இந்தியா வந்து சேர்ந்த மூன்று மாதத்துக்குள் முத்திரைத் தீர்வை கட்ட வேண்டும். யார் பெயரில் எழுதுவது என்பதுதான் சிக்கல். ஊரில் எனக்கு மிஞ்சியிருக்கும் ஒரே உறவு பிரதிவாதியாக இருப்பதால், உடன் படித்தவர் ஒருவர் பெயரில் எழுதினேன். அவரும் தம்பியிடம் ஒரு வார்த்தை கேட்டுக்கொண்டுதான் சம்மதித்தார்.