துணுக்கும் மேற்கோளும்: தொகுப்பவர்கள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

மேடைப் பேச்சாளர்களும் ஆண்டு மலர் தயாரிப்பவர்களும் நகைச்சுவைத் துணுக்குகளையும் பொன்மொழிகளையும் ஒரே நோட்டில் குறித்து வைப்பது வழக்கம். அதில் குற்றமில்லை, இரண்டையும் ஒரே விதமாகக் கையாள்வதில்தான் சிக்கல். துணுக்குக்கு உரிமையாளர் கிடையாது. சொல்பவர் ஊரையும் பெயரையும் விருப்பம்போல் மாற்றலாம். கேட்பவர் சிரித்துவிட்டால் அதன் வேலை முடிந்தது. மேற்கோளோ, யார், எப்போது, எதற்காகச் சொன்னார் என்பதில்தான் உயிர் வாழ்கிறது.

இதை மறந்து, அநாமதேயத் துணுக்குக்குப் பிரபலத்தின் பெயரைச் சூட்டுவதே மிகப் பரவலான தவறு. "நீங்கள் என் கணவராக இருந்தால் காபியில் விஷம் கலந்திருப்பேன்" என்று பிரிட்டிஷ் அரசியல்வாதி நான்சி ஆஸ்டர் சொன்னதாகவும், "நீங்கள் என் மனைவியாக இருந்தால் அதைக் குடித்திருப்பேன்" என்று சர்ச்சில் பதிலளித்ததாகவும் ஒரு கதை உலவுகிறது. ஆஸ்டர் பிரிட்டிஷ் நாடாளுமன்றத்தில் இடம்பெற்றது 1919-இல். அதற்கு ஏறக்குறைய இருபது ஆண்டுகளுக்கு முன்பே, பெயர் தெரியாத ஆணும் பெண்ணும் பேசிக்கொள்வதாக இதே துணுக்கு அமெரிக்கச் செய்தித்தாள்களில் வந்துவிட்டது. சர்ச்சில் பெயரை நீக்கிச் சொன்னாலும் சிரிப்பு குறையவில்லை என்பதே இது துணுக்கு என்பதற்குப் போதுமான அடையாளம்.

சிரிப்பு வருகிறது என்பதற்காக மேற்கோளைத் துணுக்காக நினைத்து, சொற்களை மாற்றுவது இதற்கு நேர் எதிரான தவறு. 1897-இல் அமெரிக்க எழுத்தாளர் மார்க் ட்வைன் லண்டனில் தங்கியிருந்தபோது, அவருடைய உறவினர் ஒருவரின் நோய் அவருடையதாகத் திரிந்து, அவர் இறந்துவிட்டதாகவே வதந்தி பரவியது. விசாரித்த நிருபருக்கு, தம் மரணச் செய்தி மிகைப்படுத்தப்பட்டது என்று அவர் எழுதி அனுப்பினார். இன்று பெரும்பாலோர் அதில் 'மிகவும்' என்ற அழுத்தத்தைச் சேர்த்தே சொல்கிறார்கள். அவர் எழுதியது அடக்கமான வரி, என் ரசனைக்கு அந்த அடக்கமே கூடுதல் நகைச்சுவை. இங்கே ட்வைனையும் வதந்தியையும் எடுத்துவிட்டால் எதுவும் மிஞ்சாது.

தெனாலிராமன், பீர்பால் கதைகளில் இந்தக் கவலை வேண்டியதில்லை. ஒரே கதை இருவர் பெயரிலும் வழங்குவதைக் கேட்பவர்களே அறிவார்கள். காந்தியின் விஷயம் அப்படியன்று. மேற்கத்திய நாகரிகம் பற்றிக் கேட்டதற்கு, "அது நல்ல யோசனையாக இருக்கும்" என்று, அப்படியொன்று இனிமேல்தான் வர வேண்டும் என்பதுபோல் சொன்னதாகச் சொல்லப்படும் பதில் அவருடைய குறும்புக்கு அழகாகப் பொருந்துகிறது. ஆனால் அவர் வாழ்ந்த காலத்துப் பதிவு எதுவும் கிடைக்கவில்லை, பொருத்தம் ஆதாரமாகாது. அதைச் சொல்லியே தீர வேண்டுமென்றால், காந்தி சொன்னதாக ஒரு கதை உண்டு என்று தொடங்கலாம்.

இன்னொருவர் எழுதிய சுருக்கத்தை மூலவரின் வாக்காக்குவதும் உண்டு. "உங்கள் கருத்தை நான் ஏற்கவில்லை, அதைச் சொல்லும் உங்கள் உரிமைக்காக உயிரைக் கொடுத்தும் போராடுவேன்" என்பது பிரெஞ்சுச் சிந்தனையாளர் வால்டேரின் வாக்கன்று. அவருடைய மனப்பான்மையை விளக்க ஆங்கில எழுத்தாளர் எவலின் பீட்ரிஸ் ஹால் 1906-இல் எழுதியது. அவர் அதற்கு மேற்கோள் குறி இட்டதே குழப்பத்துக்குக் காரணமாயிற்று. வரி நல்ல வரிதான், ஹால் பெயரிலேயே எடுத்தாளலாம்.